நார் என்ற முன்னொட்டு

அப்பா இறந்த மறுவருடம் நான் டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட்டில் வேலைக்குச் சேர்ந்தேன். எழுபதுகளின் பிற்பாதி. எனக்கு முப்பது வயது முடிந்திருந்தது. அப்பா பொன்மலை ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் ஃபிட்டராக இருந்து ரிட்டயர் ஆனவர். குவார்ட்டர்ஸைக் காலி செய்யும்போதே அம்மா இல்லை. அண்ணன் பிலாயில் வேலை கிடைத்துப் போய், கல்யாணம் செய்துகொண்டு, அங்கேயே நிலைத்துவிட்டான். நானும் அப்பாவும் ஸ்ரீரங்கத்தில், உத்திர வீதியில் ஒரு வீட்டின் பின்கட்டில் வாடகைக்கு வந்தோம். ஒர்க்‌ஷாப் சத்தத்தில் அப்பாவுக்குக் காது மந்தமாகிவிட்டிருந்தது. அதனால் ஒரு நாளைக்கு நாலைந்து வாக்கியங்கள்தான் எங்களுக்குள் நடக்கும். அவர் போன பிறகு அதுவும் நின்றது.

முன்கட்டில் இருந்த வீட்டுக்கார மாமி கொஞ்ச நாள் என்னைப் பார்த்துவிட்டு, ஒருநாள் கொல்லையில் துணி காயப்போடும்போது கேட்டாள். "இப்படித் தனியா இருக்கேளே, பேசாம உங்க அண்ணாவாத்துக்குப் போயிடப்படாதோ?" நான் வேலை தேடிக்கொண்டிருக்கிறேன் என்று மட்டும் சொன்னேன். அண்ணன் என்னைக் கூப்பிடவில்லை என்பதை மாமியிடம் சொல்ல மனம் வரவில்லை.

இன்ஸ்டிடியூட் திருச்சியில் தெப்பக்குளத்துக்குப் பக்கத்துச் சந்தில், ஒரு ஜவுளிக்கடையின் மாடியில் இருந்தது. பன்னிரண்டு மெஷின்கள். முதலாளி ஒரு பள்ளிக்கூட ஆபீசில் கிளார்க்காக இருந்து விலகிய கத்தோலிக்கர். காலையில் மெஷின் உறைகளை எடுக்கும் முன் சிலுவை போட்டுக்கொள்வார். அதிர்ந்து பேசமாட்டார். காலையிலும் மாலையிலும் நான் பிள்ளைகளுக்குக் கற்றுக்கொடுக்க வேண்டும், நடுவில் வெளியிலிருந்து வரும் வேலைகளை அடித்துக் கொடுக்க வேண்டும். பிள்ளைகள் டீச்சர் என்று கூப்பிட்டார்கள். அதைக் கேட்டு முதலாளியும் டீச்சர் என்றார். டீக்கடைக்காரர், கீழே ஜவுளிக்கடையில் இருந்தவர்கள், மாடிப்படி பெருக்கும் அம்மா எல்லோருக்கும் நான் டீச்சர்தான்.

சேர்ந்த இரண்டாம் வருடம் முதலாளி ஒரு காகிதக் கட்டைக் கொண்டுவந்து என் மேஜையில் வைத்தார். "கெமிஸ்ட்ரி தீசிஸ் ஒண்ணு வந்திருக்கு டீச்சர். ரெண்டு இடத்துல முடியாதுன்னு திருப்பிட்டாங்களாம். நம்மால ஆகுமா பாருங்க."

எடுத்துப் பார்த்தேன். சின்ன எழுத்து, நெருக்கமான வரிகள், பக்கத்துக்குப் பக்கம் தேன்கூடு மாதிரி அறுகோணப் படங்கள். நான் எஸ்.எஸ்.எல்.சி.யோடு நின்றவள். ஆனால் ஆங்கில டைப்பிங்கில் ஹையர் பாஸ் செய்திருந்தேன். இலக்கணம் நன்றாக வரும் என்று எனக்கே ஒரு நினைப்பு இருந்தது. ஆகும் என்று சொல்லிவிட்டேன்.

அந்தக் கட்டுக்கு உரியவர் ஒரு கல்லூரியில் ரசாயன ஆசிரியர். நாற்பதை நெருங்கும் வயது. லால்குடியிலிருந்து தினமும் ரயிலில் வந்து போகிறவர். விரல் நுனிகளில் எப்போதும் பழுப்பாகக் கறை இருக்கும். பச்சைமலையில் வளரும் ஒரு செடியின் வேர்ப்பட்டையைச் சாராயத்தில் ஊறவைத்து, வடித்து, அதில் என்னென்ன பொருள் இருக்கிறது என்று பிரித்துப் பார்ப்பதுதான் அவருடைய ஆராய்ச்சி. வேலை பார்த்துக்கொண்டே ஐந்து வருடமாகச் செய்துகொண்டிருந்தார்.

செவ்வாயும் வெள்ளியும் சாயங்காலம் ஐந்து மணிக்கு வருவார். எழுதிய பக்கங்களைக் கொடுத்துவிட்டு, அடித்த பக்கங்களை வாங்கி, ஜன்னலோர பெஞ்சில் உட்கார்ந்து ரயிலுக்கு நேரமாகும்வரை பிழை பார்ப்பார். ரசாயன எழுத்துகளுக்குக் கீழே சின்ன எண் வர வேண்டுமென்றால் உருளையை அரைப்பல் மட்டும் திருப்பி அடிக்க வேண்டும். படங்களுக்கு இடம் விட வேண்டும். அவர் பிறகு கறுப்பு மையில் வரைந்துகொள்வார். எவ்வளவு இடம் விடுவது என்று முதல் வாரத்தில் அவர் ஸ்கேல் வைத்துக் காட்டினார். அதற்கப்புறம் பேசுவதற்கு அதிகம் ஒன்றும் இருக்கவில்லை.

இரண்டாவது அத்தியாயம் நாற்பது பக்கம். மூலத்தாளுக்குக் கீழே நாலு கார்பன் வைத்து அடித்தேன். அதில் 'நார்' என்ற மூன்றெழுத்து ஆங்கிலச் சொல் திரும்பத் திரும்ப வந்தது. அவர் எழுத்தில் அது சில இடத்தில் அடுத்த சொல்லோடு ஒட்டியிருந்தது, சில இடத்தில் நடுவே ஒரு சின்னக் கோடு இருப்பது போலவும் இல்லாதது போலவும் இருந்தது. நான் படித்த இலக்கணத்தில் 'நெய்தர்', 'நார்' என்று இரண்டு சொற்கள் ஜோடியாக வரும். இதுவும் இல்லை, அதுவும் இல்லை என்று சொல்வதற்கு. எனவே எல்லா இடத்திலும் நாரைத் தனியாகப் பிரித்து அடித்தேன். முன்னால் நெய்தர் இல்லாமல் நார் மட்டும் நின்றதைப் பார்த்து, ரசாயனம் படித்தவருக்கு ஆங்கிலம் கொஞ்சம் போதாது என்று நினைத்துக்கொண்டேன். இரண்டு வாக்கியங்களில் நானே ஒரு நெய்தரைச் சேர்த்தும் விட்டேன்.

அந்த வெள்ளிக்கிழமை அவர் பெஞ்சில் உட்கார்ந்து படிக்கத் தொடங்கியதும் பென்சிலை எடுத்தார். பிறகு கீழே வைத்துவிட்டார். பக்கங்களைப் புரட்டிக்கொண்டே போனார். கடைசிப் பக்கம் வரை பார்த்துவிட்டு என்னைக் கூப்பிட்டார்.

"டீச்சர், இந்த நார் எங்க வந்தாலும் தனியா நிக்குதே, ஏன்?"

நான் இலக்கணத்தைச் சொன்னேன். கொஞ்சம் பெருமையாகவே சொல்லியிருப்பேன். அவர் கேட்டுக்கொண்டார். ஒரு வரியின் கீழே விரலை வைத்துக் காட்டினார்.

"இப்ப இதைப் படிச்சா, அஞ்சு வருஷமா நான் எதையுமே கண்டுபிடிக்கலைன்னு அர்த்தம் வருது."

குரலில் கோபமே இல்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். பாழான ஒரு தாளைத் திருப்பி அதில் அறுகோணங்கள் வரைந்தார். நான் பக்கத்தில் நின்றுகொண்டு பார்த்தேன். நான் அதுவரை அறிந்த நார் இரண்டுதான், ஒன்று அந்த இலக்கணம், இன்னொன்று எங்கள் வீதியில் பூக்கட்டும் வாழைநார். அவர் சொன்னது மூன்றாவது.

செடிகளிலிருந்து கிடைக்கும் ஒரு வகைப் பொருள்களுக்கு இருபது கார்பன் அணுக்கள் இருக்கும், அது அந்தக் குடும்பத்தின் கணக்கு என்றார். அவருடைய செடியில் கிடைத்ததை எண்ணிப் பார்த்தால் பத்தொன்பதுதான் இருந்தது. மற்றபடி உருவம் அதேதான். இப்படி ஒரு கார்பன் விட்டுப்போனதைச் சொல்வதற்காகப் பெயருக்கு முன்னால் நார் என்று ஒட்டுவார்கள். அது தனிச்சொல் அல்ல, ஒட்டு. பெயரோடு சேர்த்துத்தான் எழுத வேண்டும்.

"எந்த கார்பன் இல்லையோ அதோட நம்பரை நாருக்கு முன்னால போடணும் டீச்சர். பதினெட்டு இல்லைன்னா பதினெட்டு-நார்."

இல்லாததற்கு எதற்கு எண் என்று கேட்டேன். அன்று நான் கேட்ட ஒரே கேள்வி அது.

"மத்ததுங்க நம்பரை மாத்தக் கூடாதுல்ல. பத்தொன்பது பத்தொன்பதாவே இருக்கும், இருபது இருபதாவே இருக்கும். பதினெட்டு மட்டும் காலி."

தப்பு என்னுடையது, எல்லாவற்றையும் திருப்பி அடித்துத் தருகிறேன் என்றேன். அவசரமில்லை என்று சொல்லிவிட்டு ரயிலுக்குப் போனார்.

அந்த வாரம் ரேஷன் கடையில் வரிசையில் நின்றபோது கையில் இருந்த கார்டைப் பிரித்துப் பார்த்தேன். ஒன்று என்ற எண்ணுக்கு எதிரே அப்பாவின் பெயர், சிவப்பு மையில் அடிக்கப்பட்டிருந்தது. இரண்டு அம்மா, அதுவும் அடிக்கப்பட்டிருந்தது. மூன்று அண்ணன், அவன் பெயருக்குப் பக்கத்தில் நீக்கப்பட்டது என்று எழுதி ஒரு கையெழுத்து. நான் நாலாம் எண்ணில் இருந்தேன். ஒரே ஆள் இருக்கும் கார்டில் நாலாவது. எத்தனையோ தடவை பார்த்த கார்டுதான். அன்றைக்குத்தான் அது கண்ணில் பட்டது. கடைக்காரர் இரண்டு தடவை கூப்பிட்ட பிறகே பையை நீட்டினேன்.

நாற்பது பக்கங்களையும் பத்து நாளில் திரும்ப அடித்தேன். இந்தத் தடவை ஒவ்வொரு நாரையும் நிறுத்தி, எண்ணைப் பார்த்து, கோட்டைப் பார்த்து, பெயரோடு சேர்த்தேன். செவ்வாய்க்கிழமை அவர் படித்து முடித்து, "ஒண்ணுகூடத் தப்பு இல்லை டீச்சர்" என்றார். பள்ளிக்கூடத்தில்கூட யாரும் என்னை அப்படிச் சொன்னதில்லை.

அதற்குப் பிறகு அவர் கொஞ்சம் பேசத் தொடங்கினார். பச்சைமலைக்குப் போகும் பஸ் பாதியில் நின்றுவிட்டதையும், மூட்டை வேரைத் தலையில் சுமந்து இறங்கியதையும் சொன்னார். மேலே ஊர்க்காரர்கள் ஒருவர் வீட்டில் தங்கவைத்து மரவள்ளிக்கிழங்கு அவித்துக் கொடுத்தார்களாம். இந்த வேரை என்ன செய்வீர்கள் என்று அவர்கள் கேட்டதற்கு என்ன பதில் சொல்வது என்று தனக்குத் தெரியவில்லை என்றார். கல்லூரியில் இதையெல்லாம் கேட்பதற்கு ஆள் இல்லை போலிருந்தது. நான் அடிப்பதை நிறுத்தாமலே கேட்டுக்கொண்டிருப்பேன். வேறு ஒட்டுகளும் கற்றேன். நாருக்கு எதிர்மாறாக ஒரு கார்பன் கூடுதல் என்றால் ஹோமோ. வளையம் ஓரிடத்தில் அறுந்திருந்தால் செகோ. ஒரு நாற்பது பக்க நோட்டில் எழுதி வைத்துக்கொண்டேன்.

எட்டு மாதம் இப்படிப் போயிற்று. செவ்வாயும் வெள்ளியும் நான் நல்ல புடவையாகப் பார்த்துக் கட்டினேன் என்பதை இப்போது எழுதுவதில் வெட்கம் ஒன்றுமில்லை. மற்ற நாட்களில் ஒன்றாம் நம்பர் பஸ்ஸில் பாலத்தைக் கடக்கும்போது அடுத்து வருவது எந்தக் கிழமை என்று எண்ணிக்கொண்டிருப்பேன். அவர் வீட்டைப் பற்றி எதுவும் சொன்னதில்லை. நான் கேட்டதுமில்லை.

கடைசியாக நன்றியுரைப் பக்கம் வந்தது. எப்போதும்போல மேஜையில் வைத்துவிட்டுப் பெஞ்சுக்குப் போனார். நான் தாளைச் செருகி அடிக்க ஆரம்பித்தேன். வழிகாட்டிக்கு நன்றி, கல்லூரி முதல்வருக்கு நன்றி, செடியை அடையாளம் சொன்ன தாவரவியல்காரருக்கு நன்றி. அதற்கு அடுத்த வரியில், இத்தனை வருடம் தன் விடுமுறைகளையெல்லாம் விட்டுக்கொடுத்துப் பொறுத்துக்கொண்ட மனைவிக்கும் இரண்டு மகள்களுக்கும் என்று இருந்தது. கை நிற்கவில்லை. அடிக்கிற கை கண் பார்த்ததை அடித்துவிடும், மனசுக்காகக் காத்திருக்காது. அந்த வரியையும் முடித்தேன். அதற்கும் கீழே, நேர்த்தியாகத் தட்டச்சு செய்து கொடுத்த மிஸ் என்று எழுதி, ஒரு நீளக் கோடு போட்டு விட்டிருந்தார்.

நான் மெஷினை நிறுத்தியதைப் பார்த்து அவர் எழுந்து வந்தார்.

"பேரை நீங்களே போட்டுக்கங்க டீச்சர். இத்தனை மாசமா உங்க பேரைக் கேக்காமலே இருந்துட்டேன். தப்பா எடுத்துக்காதீங்க."

அப்பாவின் முதலெழுத்தோடு என் பெயரை அடித்தேன். ஐந்து பிரதியிலும் விழுந்தது. அவர் தாளை எடுத்துப் படித்துவிட்டு, நல்ல பேரு என்றார். மனைவியைப் பற்றி நான் எதுவும் கேட்கவில்லை. பெண்பிள்ளைகள் என்ன படிக்கிறார்கள் என்று மட்டும் கேட்டேன். பெரியவள் நாலாம் வகுப்பு, சின்னவளை இன்னும் பள்ளிக்கூடத்தில் சேர்க்கவில்லை என்று முகம் மலரச் சொன்னார். கேட்டிருந்தால் முதல் நாளே சொல்லியிருப்பார் என்று அந்த முகத்தைப் பார்த்ததும் தெரிந்தது. அவர் என்னிடம் எதையும் மறைத்திருக்கவில்லை. யார்மேல் கோபப்படுவது என்று தெரியாமல்தான் அன்று வீட்டுக்குப் போனேன். சமைக்கவில்லை. மாமி வந்து ஏன் விளக்குப் போடவில்லை என்று கேட்டாள், தலைவலி என்றேன். ஒரு டம்ளர் மோர் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள்.

அடுத்த வருடம் அவருக்கு டாக்டர் பட்டம் கிடைத்தது. ஸ்வீட் டப்பாவோடு வந்தார். முதலாளிக்கும் எனக்கும் கொடுத்துவிட்டு, நைஜீரியாவில் கல்லூரி வேலை கிடைத்திருக்கிறது, குடும்பத்தோடு போகிறேன் என்றார். அப்போது நிறைய ஆசிரியர்கள் அங்கே போய்க்கொண்டிருந்தார்கள். முதலாளி அவருக்காக வேண்டிக்கொள்வதாகச் சொன்னார். நான் மாடிப்படி வரைக்கும் போனேன். "போயிட்டு வரேன் டீச்சர்" என்றார். போயிட்டு வாங்க சார் என்றேன். ஐந்து நிமிடத்துக்குள் முடிந்துவிட்டது.

ஒரு விஷயம் மட்டும் நடந்தது. அவருடைய ஆய்வேட்டைப் பார்த்தவர்கள் மூலம் பேச்சுப் பரவி, திருச்சியில் ரசாயன ஆய்வேடுகள் பலவும் என்னிடம் வரத் தொடங்கின. அந்த டீச்சருக்குக் கெமிஸ்ட்ரி தெரியும் என்று சொல்லி அனுப்பினார்களாம். எனக்கு எதுவும் தெரியாது. ஒட்டுகள் மட்டும் தெரியும். நோட்டு நிரம்பி இரண்டாவது நோட்டு போட்டேன். அண்ணன் பொங்கலுக்கு ஒரு கடிதம் எழுதுவான். இரண்டு முறை யாரோ ஜாதகம் கேட்டதாக எழுதினான். பிறகு அதையும் எழுதுவதை விட்டுவிட்டான்.

எண்பதுகளின் நடுவில் ஒரு பெண் வந்தாள். உயிர்வேதியியலில் ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தவள், இருபத்தைந்து வயது இருக்கும், கழுத்தில் சின்னதாக ஒரு சிலுவை. அவளுடைய கையெழுத்துப் பிரதியில் நார்லூசின் என்று ஒரு பெயர் வந்தது. இதற்குள் எனக்குத் தைரியம் வந்திருந்தது. லூசினுக்கு ஆறு கார்பன் என்று அவளே முன்னால் எழுதியிருந்தாள். அப்படியானால் நார்லூசினுக்கு ஐந்துதான் இருக்க வேண்டும். அவள் எழுதிய சூத்திரத்தை எண்ணினேன், ஆறு வந்தது. மறுபடியும் எண்ணினேன். பக்கத்து ஓரத்தில் பென்சிலால் ஒரு கேள்விக்குறி போட்டு வைத்தேன். இந்தத் தடவை நானாக எதையும் திருத்தவில்லை.

அவள் வந்து அந்தக் கேள்விக்குறியைப் பார்த்ததும் என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"நீங்க கெமிஸ்ட்ரியா டீச்சர்?"

இல்லம்மா, டைப்பிங் ஹையர் என்றேன். நார் என்றால் ஒரு கார்பன் குறைவு என்று கேள்விப்பட்டிருப்பதைச் சொன்னேன். அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துகொண்டாள். அது சரிதான், ஆனால் இங்கே அப்படி இல்லை என்றாள். லூசினின் கார்பன் சங்கிலி ஓரிடத்தில் கிளை பிரியும். அதே ஆறு கார்பனும் கிளை இல்லாமல் ஒரே நேர்கோடாக நின்றால் அது நார்லூசின். இங்கே நார் என்பது நார்மல் என்பதன் சுருக்கம். குறைவு ஒன்றும் இல்லை.

ஒரே ஒட்டு இரண்டு அர்த்தத்தில் வருமா என்று கேட்டேன். தானும் அதைக் கேட்டுத் தன் வழிகாட்டியிடம் திட்டு வாங்கியதாகச் சொல்லிச் சிரித்தாள். பிறகு அவரே விளக்கினாராம். குறைவு என்ற அர்த்தமும் நார்மலிலிருந்துதான் வந்தது. நூறு வருடத்துக்கு முன்னால் இதற்குப் பெயர் வைத்தவர்கள், மேலே எதுவும் ஒட்டாமல் இருந்த பொருளைத்தான் நார்மல் என்று குறித்தார்கள். ஒட்டியிருப்பவையெல்லாம் அதன் மேல் ஏதோ கூடியவை. காலப்போக்கில் கணக்கு தலைகீழாகி, கூடியதை முழுமை என்றும் வெறுமனே இருப்பதைக் குறைந்தது என்றும் எண்ணத் தொடங்கிவிட்டார்கள். ஒரு ஜெர்மன் வாக்கியத்தின் முதலெழுத்துகள்தான் நார் என்று சொல்கிறவர்களும் உண்டு, அது பிறகு கட்டிய கதை என்று தன் வழிகாட்டி சொல்வார் என்றாள்.

ஆறு மணி பேட்ச் பிள்ளைகள் வந்துவிட்டார்கள். அவள் கேள்விக்குறியை ரப்பரால் அழித்துவிட்டு, அடுத்த வாரம் வருகிறேன் என்று போய்விட்டாள். பிள்ளைகளுக்கு வேகப் பயிற்சி கொடுத்துக்கொண்டே நான் அதையே நினைத்துக்கொண்டிருந்தேன். ஏழு வருடமாக நோட்டின் முதல் பக்கத்தில் நார் என்று எழுதி எதிரே 'ஒன்று இல்லாதது' என்று வைத்திருக்கிறேன். அந்தச் சொல்லைப் பற்றி நான் அறிந்தது பாதிதான். மற்ற பாதியும் அவருக்குத் தெரிந்திருக்கும், அன்றைக்கு அவசரத்தில் சொல்லாமல் விட்டிருக்கலாம். அல்லது அவருடைய செடிக்கு அது தேவைப்படாததால் அவரும் யோசித்திருக்கமாட்டார். எதுவானாலும் அவரிடம் சொல்லிக் கேட்க வேண்டும் போலிருந்தது. நைஜீரியாவில் எந்த ஊர் என்றுகூட நான் கேட்டு வைக்கவில்லை.

வகுப்பு முடிந்து பிள்ளைகள் இறங்கிப் போனார்கள். முதலாளி மெஷின்களுக்கு உறை போட்டுக்கொண்டு வந்தார். நானும் மறு பக்கத்திலிருந்து போட்டுக்கொண்டு வந்தேன். நடுவில் சந்தித்தபோது அவரிடம் சொன்னேன். லூசினையும் நார்லூசினையும் சொல்லி, ஒரே சொல்லுக்குக் குறைந்தது என்றும் இயல்பானது என்றும் இரண்டு அர்த்தம் இருப்பதையும், முதலில் இருந்தது இரண்டாவதுதான் என்பதையும் சொன்னேன். வழக்கத்தைவிட அதிகம் பேசிவிட்டேன் என்று நினைக்கிறேன். அவர் கையில் உறையை வைத்துக்கொண்டு, முடிக்கும் வரை பொறுமையாகக் கேட்டார். நல்ல மனிதர், யார் பேசினாலும் குறுக்கே பேசமாட்டார்.

"அப்படியா டீச்சர்" என்றார். கையிலிருந்த உறையை மாட்டிவிட்டு, "ஏழாம் நம்பர் மெஷின்ல ரிப்பன் வெளுத்துப்போச்சு, நாளைக்குச் சொல்லிவிடணும், வேற எதுக்காவது வேணுமா?" என்று கேட்டார்.

மூன்றாம் நம்பருக்கும் வேண்டும் என்றேன். குறித்துக்கொண்டார். நான் ஜன்னல்களைச் சாத்திவிட்டுப் பஸ்ஸுக்கு இறங்கினேன்.